அனுப்புகிறவர் எழுப்பும் நிரல்: வெப்மெயிலும் பகிர்வு நூலகங்களும்

உலாவியிலேயே மின்னஞ்சல் படிக்க உதவும் வெப்மெயிலில் ஒரு கடிதத்தைக் கிளிக் செய்தால் கண நேரத்தில் அது திரையில் விரிகிறது. அதற்குள் சர்வரில் நடந்து முடியும் வேலையில் பெரும்பகுதியை ரவுண்ட்கியூப், ஹோர்டு, ஸ்னாப்பிமெயில் போன்ற வெப்மெயில் மென்பொருள்கள் தாங்களே செய்வதில்லை. மெயில் சர்வரோடு மறையாக்கப்பட்ட இணைப்பை ஏற்படுத்துவது பெரும்பாலும் ஓப்பன்எஸ்எஸ்எல். கடிதம் எந்த எழுத்துக்குறியீட்டில் வந்திருந்தாலும் அதை யூனிகோடுக்கு மாற்றுவது பல நேரம் சி மொழியின் அடிப்படை நூலகத்துக்குள் இருக்கும் ஐகான்வ். சுருக்கிய தரவை விரிப்பது இசட்லிப். எச்டிஎம்எல் கடிதத்தைப் பகுத்துப் படிப்பது, இந்த மென்பொருள்கள் எழுதப்பட்டிருக்கும் பிஎச்பி மொழி வழியாக லிப்எக்ஸ்எம்எல்2. கூடவே ஒரு படம் வந்திருந்தால், அதற்குச் சிறு முன்னோட்டம் தயாரிப்பது ஜிடி அல்லது இமேஜ்மேஜிக்.

இவையெல்லாம் பகிர்வு நூலகங்கள். ஒரே கோப்பு சர்வரின் வட்டில் இருக்கும். தேவைப்படும் நிரல்கள் எல்லாம் அதையே எடுத்துப் பயன்படுத்திக்கொள்ளும். எந்த மென்பொருளுக்கும் பொதுவான ஏற்பாடுதான் இது. ஆனால் வெப்மெயிலில் இதற்கு ஒரு தனிக் கோணம் உண்டு. எந்த நூலகத்தின் எந்த மூலை இயங்க வேண்டும் என்பதை சர்வர் நிர்வாகியோ கடிதத்தைப் படிப்பவரோ தீர்மானிப்பதில்லை. கடிதத்தை அனுப்புகிறவர் தீர்மானிக்கிறார். இந்த உரை இந்தக் குறியீட்டில் இருக்கிறது, இந்த இணைப்பு இந்த வகைப் படம், இது இந்த முறையில் பொதியப்பட்டிருக்கிறது என்றெல்லாம் கடிதத்தின் தலைப்பு வரிகளில் எழுதுவது அவர். 1992-இல் நதானியேல் போரன்ஸ்டைனும் நெட் ஃப்ரீடும் வரையறுத்த, மைம் என்ற மின்னஞ்சல் வடிவத் தரத்தின் அடிப்படையே அதுதான். அனுப்புகிறவர் சொல்வதை நம்பி, பெறுகிற பக்கம் அதற்குரிய நிரலை இயக்கும். மின்னஞ்சலில் எல்லா மொழிகளும் படங்களும் போய்வர முடிந்தது அந்த நம்பிக்கையால்தான். முன்பின் தெரியாத ஒருவர் நம் சர்வரில் உறங்கிக்கொண்டிருக்கும் பழைய நிரல் ஒன்றைப் பெயர் சொல்லி எழுப்ப முடிவதும் அதனால்தான்.

பகிர்வு நூலகம் எப்படி வேலை செய்கிறது என்பதைக் கொஞ்சம் பார்த்துவிடலாம். லினக்ஸில் இவை எஸ்ஓ என்று முடியும் கோப்புகள். விண்டோஸில் டிஎல்எல், மேக்கில் டைலிப். ஒரு நிரலைத் தொகுக்கும்போது நூலகத்தின் நிரல்வரிகள் அதற்குள் நகலெடுக்கப்படுவதில்லை. 'எனக்கு இந்தப் பெயருள்ள நூலகம் வேண்டும்' என்ற குறிப்பு மட்டும் பதிவாகிறது. நிரலைத் தொடங்கும்போது லோடர் என்ற ஏற்றும் கருவி அந்தக் குறிப்பைப் படித்து, வட்டில் இருக்கும் கோப்பை நினைவகத்தில் பொருத்தித் தருகிறது. பத்து நிரல்கள் அதையே கேட்டாலும், மாறாத நிரல்பகுதி நினைவகத்தில் ஒரு தடவைதான் இருக்கும். குறிப்பில் முதன்மைப் பதிப்பு எண்ணும் சேர்ந்திருக்கும். அதனால்தான் ஓப்பன்எஸ்எஸ்எல் 1.1.1-ஐ நம்பித் தொகுத்த நிரல், 2021-இல் வந்த 3.0-ஐ மட்டும் வைத்திருக்கும் சர்வரில் கிளம்பவே மறுக்கும்.

நிரல் தொடங்கும்போதே எல்லா நூலகமும் வந்துவிடும் என்றும் இல்லை. சில, தேவை வரும்போது மட்டும் ஏற்றப்படும். வெப்மெயிலைப் பொறுத்தவரை நான் முக்கியமாகக் கருதுவது இந்த இரண்டாம் வகையைத்தான். லினக்ஸின் வழக்கமான சி நூலகமான ஜிலிப்சி-யில் ஜிகான்வ் என்றொரு அடைவு இருக்கிறது. அதில் ஒவ்வோர் எழுத்துக்குறியீட்டுக்கும் தனித்தனியாகச் சின்னஞ்சிறு பகிர்வுக் கோப்புகள், மொத்தம் இருநூறுக்கும் மேல். யூனிகோடு பரவுவதற்கு முன் நம் இணையத் தமிழ் வாழ்ந்த டிஸ்கி குறியீட்டுக்குக்கூட அங்கே ஒரு கோப்பு இருக்கிறது. டிஸ்கியில் எழுதிய பழைய கடிதம் ஒன்றை ஐகான்வ் வழியாகத் திறந்தால் அந்தக் கோப்பு அப்போதுதான் நினைவகத்துக்கு வரும். அப்படி யாரும் திறக்காத சர்வரில் அது பல ஆண்டுகள் தொடப்படாமலே கிடக்கும். உலகின் பழைய கடிதங்களைப் படிக்க முடியாமல் போய்விடக் கூடாது என்று யாரோ பொறுப்போடு எழுதி வைத்த கோப்புகள் இவை. அவற்றின் மதிப்பைக் குறைத்துச் சொல்ல எனக்கு மனம் வராது. ஆனால் யாரும் தொடாத இடத்தில் இருக்கும் பிழையையும் யாரும் பார்ப்பதில்லை.

2024 ஏப்ரலில் வெளிவந்த சிவிஇ-2024-2961 அப்படிப்பட்ட ஒன்று (சிவிஇ என்பது பாதுகாப்புப் பிழைகளுக்குத் தரப்படும் பொது அடையாள எண்). சீன மொழிக்கான ஐஎஸ்ஓ-2022-சிஎன்-எக்ஸ்ட் என்ற குறியீட்டின் மாற்றிக் கோப்பில் பிழை. அந்தக் குறியீட்டில் ஓர் எழுத்துத் தொகுதியிலிருந்து இன்னொன்றுக்குத் தாவும்போது சில சிறப்பு பைட்டுகளை இடையில் எழுத வேண்டும். அவற்றை எழுதும் முன், இலக்கில் இடம் மிச்சம் இருக்கிறதா என்று ஓரிடத்தில் சோதிக்கத் தவறியிருக்கிறார்கள். விளைவு, ஒதுக்கிய இடத்தைத் தாண்டி நான்கு பைட் வரை வழிந்துவிடும். இந்தப் பிழை சுமார் 24 ஆண்டுகள் அங்கேயே இருந்தது.

நான்கு பைட்டை வைத்து என்ன செய்துவிட முடியும் என்று தோன்றலாம். இதைக் கண்டுபிடித்த சார்ல்ஸ் ஃபோல் என்ற பாதுகாப்பு ஆய்வாளர், அந்த வழிதலை மட்டும் பயன்படுத்திப் பிஎச்பி-யின் நினைவக மேலாண்மையைக் குழப்பி, சர்வரில் தான் விரும்பிய கட்டளையை இயக்கிக் காட்டினார். அதற்கு அவர் எடுத்துக்கொண்ட இலக்குகளில் ஒன்று ரவுண்ட்கியூப். கடிதம் எழுதும் படிவம், எந்தக் குறியீட்டில் அனுப்ப வேண்டும் என்பதையும் சேர்த்தே சர்வருக்கு அனுப்புகிறது. அந்த இடத்தில் மேற்சொன்ன சீனக் குறியீட்டின் பெயரைக் கொடுத்தால் மாற்றிக் கோப்பு எழுந்துவிடும். இதைச் செய்ய அந்த சர்வரில் ஒரு கணக்கு வேண்டும் என்பது உண்மை. ஆனால் ஆயிரக்கணக்கானோர் கணக்கு வைத்திருக்கும் நிறுவனத்தில், திருடப்பட்ட ஒரே ஒரு கடவுச்சொல் போதும். ரவுண்ட்கியூபின் நிரலை வரிவரியாகப் படித்திருந்தாலும் இந்தப் பிழை கண்ணில் பட்டிருக்காது. அது ரவுண்ட்கியூபில் இல்லவே இல்லை.

இதில் ஒரு நுட்பம் இருக்கிறது. இந்தப் பிழை யூனிகோடிலிருந்து அந்தக் குறியீட்டுக்கு எழுதும் திசையில் மட்டுமே வெளிப்படும். வந்த கடிதத்தைப் படிப்பது எதிர்த்திசை. ஆகவே வெறுமனே ஒரு கடிதம் அனுப்பி இதைத் தூண்ட முடியாது. அடுத்த ஆண்டே அந்த ஆறுதலும் கொஞ்சம் குறைந்தது. ஆல்பைன் லினக்ஸ் பயன்படுத்துவது ஜிலிப்சி இல்லை, மஸல் என்ற சிறிய சி நூலகம். ஒரு நிரலை அதற்கு வேண்டிய நூலகங்களோடு சேர்த்துப் பொதியும் கன்டெய்னர்களில் மிகவும் பரவலானது. 2025 பிப்ரவரியில் அதன் ஐகான்வ் பகுதியில் சிவிஇ-2025-26519 வெளியானது. கொரிய மொழிக்கான இயுசி-கேஆர் குறியீட்டிலிருந்து யூனிகோடின் வழக்கமான வடிவமான யுடிஎஃப்-8-க்கு மாற்றும்போது எல்லை தாண்டி எழுதும் பிழை, 0.9.13 முதல் 1.2.5 வரையிலான பதிப்புகளில் இருந்தது. இது வந்த உரையைப் படிக்கும் திசை. குறியீட்டின் பெயரையும் உள்ளடக்கத்தையும் அனுப்புகிறவரே தரும் மின்னஞ்சலுக்கு இதைவிட நேரடியாகப் பொருந்தும் பிழை வேறில்லை. தனித்தனியாக எழுதப்பட்ட இரண்டு நூலகங்கள், ஓராண்டுக்குள், ஒரே வேலையைச் செய்யும் பகுதியில் சறுக்கியிருக்கின்றன. ஒன்றைக் கைவிட்டு மற்றொன்றுக்குத் தாவுவதால் மட்டும் இந்தச் சிக்கல் தீராது.

படங்களின் கதை இன்னும் கவலை தருவது. 2017-இல் கிறிஸ் எவன்ஸ் என்ற ஆய்வாளர் யாஹூ மெயிலில் தனக்குத் தானே ஒரு கடிதம் அனுப்பினார். இணைப்பில் இருந்த படக்கோப்பின் அளவு 18 பைட். யாஹூவின் சர்வர் அதற்கு முன்னோட்டம் தயாரிக்க இமேஜ்மேஜிக்கை அழைத்தது. ஆர்எல்இ என்ற, இன்று யாரும் பயன்படுத்தாத பட வகைக்கான பிரிப்பான் எழுந்தது. 'இவ்வளவு பெரிய படம்' என்று கோப்பு சொன்னதை நம்பி நினைவகத்தை ஒதுக்கியது. ஆனால் ஒதுக்கிய இடத்தைத் துடைக்கவில்லை. நிரப்ப கோப்பில் எதுவும் இல்லை. அந்த இடத்தில் ஏற்கெனவே என்ன இருந்ததோ அதுவே படமாக மாறி அவருக்குத் திரும்பி வந்தது. அங்கே இருந்தவை, அதே சர்வர் சற்று முன் கையாண்ட, வேறு யாரோ ஒருவரின் படங்களின் துண்டுகள்.

யாருடைய கடவுச்சொல்லும் திருடப்படவில்லை. எந்தக் கணக்குக்குள்ளும் யாரும் நுழையவில்லை. இமேஜ்மேஜிக்கிலிருந்து கிளைத்த கிராஃபிக்ஸ்மேஜிக், இதே பிழையை 2016-இலேயே சரிசெய்திருந்தது. மூல நூலகத்துக்கு அந்தத் திருத்தம் போய்ச் சேரவில்லை. எவன்ஸுக்கு யாஹூ 14,000 டாலர் பரிசளித்தது. அவர் அதை அறக்கொடையாகத் தந்துவிடச் சொன்னதும் தொகையை இரட்டிப்பாக்கியது. அதைவிட எனக்கு முக்கியமாகப் படுவது யாஹூ அடுத்து எடுத்த முடிவு. ஒரு பிழையைத் திருத்தியதோடு நிறுத்தாமல், இமேஜ்மேஜிக்கையே அந்த வேலையிலிருந்து விலக்கிவிட்டார்கள். நூற்றுக்கும் மேற்பட்ட பட வகைகளைப் படிக்கத் தெரிந்த நூலகம் ஒரு மெயில் முன்னோட்டத்துக்குத் தேவையே இல்லை. ஜேபெக், பிஎன்ஜி, ஜிஃப் மாதிரி நாலைந்து வகை போதும்.

திருத்தம் வந்த பிறகும் ஓடும் பழைய கோப்பு

பகிர்வு நூலகத்தின் பெரிய நன்மை, ஒரே இடத்தில் திருத்தினால் எல்லோருக்கும் திருந்துவது. 2014 ஏப்ரல் 7 அன்று ஹார்ட்பிளீட் பிழை அறிவிக்கப்பட்டபோது அதை நேரில் பார்த்தோம். ஓப்பன்எஸ்எஸ்எல் 1.0.1 முதல் 1.0.1எஃப் வரையிலான பதிப்புகளில், மறுமுனையில் இருப்பவர் கேட்டால் சர்வரின் நினைவகத்திலிருந்து ஒரு தடவைக்கு 64 கிலோபைட் வரை கசியும். வெப் சர்வர், கடிதங்களைப் படிக்கத் தரும் ஐமேப் சர்வர், கடிதங்களை அனுப்பும் எஸ்எம்டிபி சர்வர் எல்லாமே அந்த நூலகத்தை நம்பியிருந்ததால், மெயில் சேவை ஒன்றில் பல வாசல்கள் ஒரே நேரத்தில் திறந்து கிடந்தன. யாஹூ மெயிலும் பாதிக்கப்பட்டது. அதே காரணத்தால், 1.0.1ஜி பதிப்பை நிறுவியதும் எல்லா வாசல்களையும் ஒன்றாகவே மூடவும் முடிந்தது.

மூட முடிந்தது என்றாலும் நடுவில் ஒரு பள்ளம் இருக்கிறது. பலர் அதில்தான் விழுகிறார்கள். வட்டில் புதிய நூலகக் கோப்பை நிறுவியதும், ஏற்கெனவே ஓடிக்கொண்டிருக்கும் நிரல்கள் அதற்கு மாறிவிடுவதில்லை. அவை தொடங்கியபோது எந்தக் கோப்பைப் பொருத்திக்கொண்டனவோ அதையே பிடித்துக்கொண்டிருக்கும். கோப்பின் பெயர் அடைவிலிருந்து நீக்கப்பட்டாலும், அதைப் பிடித்திருக்கும் நிரல் நிற்கும்வரை லினக்ஸ் அதன் உள்ளடக்கத்தை அழிக்காது. வெப்மெயிலின் பிஎச்பி நிரலை இயக்கும் பிஎச்பி-எஃப்பிஎம் என்ற சேவை மாதக்கணக்கில் ஓடக்கூடியது. பேக்கேஜ் பட்டியல் புதிய பதிப்பு எண்ணைக் காட்டும். நிர்வாகி நிம்மதியாக இருப்பார். கடிதங்களைத் திறந்துகொண்டிருப்பதோ பிழையுள்ள பழைய கோப்பு. டெபியன், உபுண்டு ஆகிய லினக்ஸ் வகைகளில் கிடைக்கும் நீட்ரீஸ்டார்ட் என்ற கருவி, நீக்கப்பட்ட நூலகங்களை இன்னும் பிடித்திருக்கும் நிரல்களைத் தேடிக் காட்டும். எல்எஸ்ஓஎஃப் கட்டளையிலும் இதைப் பார்க்கலாம். அப்டேட்டுக்குப் பின் சேவைகளை ரீஸ்டார்ட் செய்வதைத் தள்ளிப்போடுவது, அப்டேட்டையே தள்ளிப்போடுவதற்குச் சமம்.

கன்டெய்னர்களில் இந்தப் பள்ளம் இன்னும் ஆழம். ஒவ்வொரு கன்டெய்னர் இமேஜும் தனக்கென்று ஒரு சி நூலகம், ஒரு ஓப்பன்எஸ்எஸ்எல் என்று தனி நகல்களை வைத்திருக்கும். அடியில் இருக்கும் சர்வரை எவ்வளவு ஒழுங்காக அப்டேட் செய்தாலும் உள்ளே இருப்பவை அப்படியே இருக்கும். இமேஜையே புதிதாகக் கட்டி, மாற்றிப் போட வேண்டும். பகிர்வதன் நன்மையை விட்டுக்கொடுத்துத்தான் இந்த வசதியைப் பெறுகிறோம் என்பது பலருக்கு உறைப்பதில்லை.

இன்னொரு வகைப் பகிர்வு

இதுவரை சொன்னவை இயங்குதளம் தரும் நூலகங்கள். வெப்மெயில் மென்பொருள்களுக்குள்ளேயும் இன்னொரு அடுக்கு இருக்கிறது. பிஎச்பி-யில் எழுதிய நூலகங்கள் அவை. ரவுண்ட்கியூப் கடிதத்தை மைம் வடிவில் கட்டுவதற்கு பியர் என்ற பிஎச்பி நூலகத் தொகுப்பின் மெயில்-மைமையும், அனுப்புவதற்கு நெட்-எஸ்எம்டிபியையும் பயன்படுத்துகிறது. உலாவியில் ஜேகுவரி, எழுதும் பெட்டிக்கு டைனிஎம்சிஇ. முழுத் தொகுப்பை இறக்கினால் இவையெல்லாம் கூடவே வந்துவிடும். சுலபம்தான். ஆனால் அப்படி வந்த நகல்களை இயங்குதளத்தின் அப்டேட் தொடாது. ரவுண்ட்கியூபின் அடுத்த வெளியீடு வரும்வரை அவை அப்படியே இருக்கும். டெபியன் இதற்கு எதிர்ப்பாதையில் போகிறது. உள்ளே பொதிந்துவரும் நகல்களை முடிந்தவரை நீக்கிவிட்டு, தன் களஞ்சியத்தில் இருக்கும் பொதுப் பதிப்பை இணைக்கிறது. எங்கெங்கே நகல்கள் ஒளிந்திருக்கின்றன என்று அதன் பாதுகாப்புக் குழு பட்டியலே வைத்திருக்கிறது. யாரும் பார்த்துப் பாராட்டாத வேலை அது. நான் பார்த்தவரையில், சிறிய குழு நடத்தும் சர்வருக்கு டெபியனின் வழியே நல்லது. அவ்வப்போது ஏதாவது ஒரு பொத்தான் சரியாகத் தெரியாமல் போகலாம், அதைப் பொறுத்துக்கொள்ளலாம்.

நூலகத்தை எழுதியவர்கள் விலகிவிட்டால் என்ன ஆகும் என்பதற்கு சி-க்ளையன்ட் நல்ல எடுத்துக்காட்டு. ஐமேப் நெறிமுறையை 1980-களின் நடுவில் உருவாக்கிய மார்க் கிறிஸ்பின், பிற்பாடு வாஷிங்டன் பல்கலைக்கழகத்தில் இந்த நூலகத்தை வளர்த்தார். பைன் மின்னஞ்சல் நிரல் இதை நம்பியிருந்தது. பிஎச்பி-யின் ஐமேப் நீட்சியும் இதன் மேல்தான் கட்டப்பட்டது. அதன் வழியே எண்ணற்ற சிறு வெப்மெயில்களும் இதையே நம்பின. கிறிஸ்பின் 2012 டிசம்பரில் மறைந்தார். நூலகம் தொடர்ந்து பயன்பாட்டில் இருந்தது, பராமரிப்புதான் நின்றுபோனது.

2018-இல் சிவிஇ-2018-19518 வந்தது. சி-க்ளையன்ட்டுக்குள் பழங்கால வசதி ஒன்று உண்டு: வேறொரு கணினியில் கட்டளைகளை இயக்கும் ஆர்எஸ்எச் என்ற பழைய நிரல் வழியாக மெயில் சர்வரோடு இணைய முயல்வது. பல லினக்ஸ் வகைகளில் ஆர்எஸ்எச் என்ற பெயர், அதற்கு மாற்றாக வந்த எஸ்எஸ்எச் நிரலைச் சுட்டிக்கொண்டிருந்தது. சர்வரின் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் எஸ்எஸ்எச்சுக்கான ஒரு விருப்பத்தேர்வை எழுதிவிட்டால், அதன் வழியே எந்தக் கட்டளையையும் ஓட்டலாம். லாகின் பக்கத்தில் மெயில் சர்வரின் பெயரைப் பயனரே நிரப்பலாம் என்று அனுமதித்த நிரல்களுக்கு இது பேராபத்து. பிஎச்பி தன் பக்கத்தில் ஓர் அமைப்பைச் சேர்த்து, அந்த வசதியை இயல்பாகவே அணைத்து வைத்தது. கடைசியில், 2024 நவம்பரில் வெளிவந்த பிஎச்பி 8.4-இல் ஐமேப் நீட்சியையே மையத் தொகுப்பிலிருந்து எடுத்து, பெக்கில் என்ற தனி நீட்சிக் களஞ்சியத்துக்கு அனுப்பிவிட்டார்கள்.

ரவுண்ட்கியூப் தன் ஐமேப் பேச்சுவார்த்தையைப் பிஎச்பி-யிலேயே எழுதிக்கொண்டதால் இதிலிருந்து தப்பியது. ஹோர்டும் அப்படியே. ஹோர்டுக்குள் உருவான ஐமேப் நூலகம் நன்றாக இருந்ததால், நெக்ஸ்ட்கிளவுட் என்ற கோப்புப் பகிர்வு மென்பொருளின் மெயில் செயலி அதையே எடுத்துப் பயன்படுத்துகிறது. ஹோர்டு வெப்மெயிலின் வேகம் குறைந்துபோன பிறகும் அதன் நூலகம் வேறு வீட்டில் தொடர்ந்து உழைக்கிறது. திறந்த மூல உலகில் எனக்கு மிகவும் பிடித்த விஷயம் இது. நல்ல நிரல், தன்னைப் பெற்ற மென்பொருளைத் தாண்டியும் வாழும். புதிதாக எடுத்துக்கொண்டவர்கள் அதைக் கவனித்துக்கொண்டால்.

எச்டிஎம்எல் கடிதங்களைச் சுத்தப்படுத்தும் நூலகங்கள் பற்றியும் சொல்ல வேண்டும். வந்த கடிதத்தில் ஸ்கிரிப்ட் ஒளிந்திருந்தால் அதை நீக்கிவிட்டுத்தான் உலாவியில் காட்ட வேண்டும். சர்வரில் சுத்தப்படுத்தும்போது ஒரு சிக்கல்: சர்வரின் பகுப்பான் ஒரு வரியைப் புரிந்துகொள்ளும் விதமும் உலாவி புரிந்துகொள்ளும் விதமும் வேறுபடலாம். அந்த இடைவெளியில் தாக்குதல் நுழையும். 2023 அக்டோபரில் விண்டர் வைவர்ன் என்ற உளவுக் குழு ரவுண்ட்கியூபில் பயன்படுத்திய சிவிஇ-2023-5631, எஸ்விஜி படம் பொதிந்த கடிதத்தைச் சரியாகச் சுத்தப்படுத்தாத பிழைதான். கடிதத்தைத் திறந்து பார்த்தாலே போதும், வேறெதையும் கிளிக் செய்யத் தேவையில்லை. க்யூர்53 நிறுவனம் வளர்க்கும் டாம்ப்யூரிஃபை, உலாவிக்குள்ளேயே, அந்த உலாவியின் சொந்தப் பகுப்பானை வைத்தே சுத்தப்படுத்துகிறது. புரோட்டான் உள்பட பல மெயில் சேவைகள் அதை நம்பியிருக்கின்றன. அதிலும் பிழைகள் கண்டுபிடிக்கப்படுவது உண்டு. ஆனால் அந்த இடைவெளியை வெகுவாகக் குறைக்கும் அணுகுமுறை என்பதால் அதுவே சரியான திசை என்று நினைக்கிறேன்.

அப்படியானால் வெப்மெயில் சர்வரை நடத்துகிறவர் என்ன செய்யலாம்? அனுப்புகிறவர் எழுப்பக்கூடிய கோப்புகளின் எண்ணிக்கையைக் குறைப்பதுதான் முதல் வேலை. தேவையில்லாத எழுத்துக்குறியீடுகளை ஜிகான்வ் அமைப்புக் கோப்பிலிருந்து நீக்கிவிட்டு, ஐகான்வ்கான்ஃபிக் கட்டளையால் அதன் பட்டியலைப் புதுப்பிக்கலாம். 2024-இன் பிழைக்கு, திருத்தம் வந்து சேரும்வரை பரிந்துரைக்கப்பட்ட தற்காலிக வழியும் இதுவே. ஃபெடோரா குடும்ப லினக்ஸ் வகைகளில் அரிதான மாற்றிகள் தனி பேக்கேஜாகவே பிரிக்கப்பட்டிருக்கின்றன. டிஸ்கி கடிதங்களோ கொரியக் கடிதங்களோ வரும் இடம் என்றால் அவற்றை விட்டுவைக்கத்தான் வேண்டும். எது வரும், எது வராது என்பது அந்த சர்வரை நடத்துகிறவருக்கே தெரியும். இமேஜ்மேஜிக்கை நீக்க முடியாவிட்டால், அதன் பாலிசி கோப்பில் நாலைந்து பட வகைகளை மட்டும் அனுமதித்து மற்றதை மூடலாம். முன்னோட்டம் தயாரிக்கும் வேலையை, கடிதங்களையோ கடவுச்சொற்களையோ பார்க்க முடியாத தனிப் பயனர் கணக்கில், ஒவ்வொரு படத்துக்கும் புதிதாகத் தொடங்கி முடியும் தனிச் செயல்முறையாக ஓட்டலாம். அப்போது துடைக்காத நினைவகம் கசிந்தாலும், அதில் அடுத்தவர் படம் இருக்க வாய்ப்பில்லை.

சர்வரை நேரடியாக நடத்தாமல், ஹோஸ்டிங் சேவை தரும் வெப்மெயிலைப் பயன்படுத்துகிறவர்கள் ஒன்று கேட்கலாம்: சி நூலகத்துக்கோ ஓப்பன்எஸ்எஸ்எல்லுக்கோ பாதுகாப்புத் திருத்தம் வந்தால், அதை நிறுவிய பிறகு பிஎச்பி-யையும் மெயில் சேவைகளையும் எவ்வளவு நேரத்துக்குள் ரீஸ்டார்ட் செய்வீர்கள்? வெப்மெயிலின் பதிப்பு எண்ணைக் கேட்பதைவிட இந்தக் கேள்விக்குக் கிடைக்கும் பதில் அதிகம் சொல்லும்.